யானையைத் தொட்ட விரல்கள்

சதுரங்கப் போட்டியின் கடைசிச் சுற்று, வென்றால் கிராண்ட்மாஸ்டரான மகளுக்குச் சாம்பியன் பட்டம். யானையைப் பிடித்த அவள் விரல்கள் நெருப்பைத் தொட்டாற்போல் விலகுகின்றன. தொட்ட காயைத்தான் நகர்த்த வேண்டும். நகர்த்தினால் ஆட்டம் போச்சு. எதிராளி தண்ணீர் குடிக்கப் போயிருக்கிறார். நடுவர் வேறு மேசையில் நிற்கிறார். கயிற்றுக்கு இப்பால் நிற்கும் அப்பாவும் மருமகனும் மட்டுமே பார்க்கிறார்கள். "யாரும் கவனிக்கல மாமா. குதிரைய நகர்த்தச் சொல்லி ஒரு சைகை காட்டுங்க." "எங்க வீட்டுப் பொண்ணுக்குச் சைகையெல்லாம் புரியாது, மாப்பிள்ளை." அவள் யானையையே நகர்த்திவிட்டுக் கடிகாரத்தைத் தட்டுகிறாள். திரும்பி வந்த எதிராளி திகைக்கிறார். இவ்வளவு பெரிய ஆட்டக்காரி யானையைச் சும்மா கொடுப்பாளா, ஏதோ பொறி இருக்கிறது என்று தாடையைத் தடவித் தடவி யோசிக்கிறார். அவருடைய நேரம் ஓடுகிறது. பொறி ஒன்றுமில்லை என்று தெரிந்த அப்பா, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, முகத்தில் எதையும் காட்டாமல் நிற்கிறார்.