வவ்வால் மரத்தடியில் மனுநாள்

இரை தேடப் போன பழந்தின்னி வவ்வால்கள் ஆலமரத்துக்குத் திரும்பும் விடிகாலை. அவற்றின் மூத்திரத்தைப் பிடித்துக் கிருமி தேடுவதற்காக மரத்தடியில் நீலத் தார்ப்பாயை விரித்தாள் ஆய்வாளர் மரகதவல்லி. கிருமி மரத்தைவிட்டு இறங்குவதற்குள் பிடித்துவிடுவேன் என்று அலுவலகத்தில் அடித்துச் சொல்லிவிட்டு வந்தவள். குப்பியை எடுத்துக்கொண்டு திரும்புவதற்குள் தார்ப்பாயில் ஒன்பது பேர் சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தார்கள். அந்த ஊரில் மரத்தடியில் எதை விரித்தாலும் அது குறைதீர்க்கும் கூட்டம்தான்.

“எந்திரிங்கய்யா, மேல மூத்திரம் பேயும்!”

“பேயட்டும் தாயி. போன கூட்டத்துல மட்டும் பன்னீரா தெளிச்சாங்க?” என்றார் ஒருவர்.

குழாயில் தண்ணீர் வரவில்லை, சுடுகாட்டுக்குப் பாதையில்லை என்று மனுக்கள் குவிந்தன. கடைசியாகப் பன்றி வளர்க்கும் சூசை எழுந்தார்.

“நம்மளது சின்ன விஷயம்தான் தாயி. வவ்வால் கடிச்சுப் போட்ட பழத்தத் தின்னுட்டு நம்ம பன்னிங்க மூணு நாளா இருமுது.”

மரகதவல்லி மற்ற மனுக்களைக் கீழே வைத்துவிட்டுப் புதுக் கையுறை மாட்டினாள். “அய்யா, வீட்டுல யாரும் பன்னியத் தொட வேணாம். இப்பவே பட்டிக்கு வழிகாட்டுங்க.”

சூசை கூட்டத்தைப் பார்த்து நெஞ்சை நிமிர்த்தினார். “பாத்துக்கங்கப்பா, மனு குடுத்த கையோட நடவடிக்கை!”