ஒரு மணித் தாளிப்பு

மனித குலத்தின் ஆகப் பெரிய பொருளாதாரப் பிழை மானம். இதை அவன் கண்டுபிடித்திருந்தான்.

பி.ஏ. பொருளாதாரம், இரண்டாம் ஆண்டு. மூன்று பாடம் அரியர்.

ஆதாரம் வீட்டிலேயே இருந்தது.

அரிசி இல்லாத நாளிலும் அம்மா ஒரு மணிக்கு அடுப்பைப் பற்றவைப்பாள். தாளிக்கிற கரண்டியில் அரை ஸ்பூன் எண்ணெய், கொஞ்சம் கடுகு, ஓர் இணுக்குக் கறிவேப்பிலை. படபடவென்று வெடித்து, வாசனை சன்னல் வழியாகப் பக்கத்து வீட்டுக்குப் போகும்.

குழம்பு மட்டும் இருக்காது.

"அந்த எண்ணெய்க்குப் பொரிகடலை வாங்கியிருந்தா வயித்துக்காச்சும் போயிருக்கும்" என்பான்.

"ராஜாத்திக்கு மூக்கு நீளம்டா" என்பாள் அம்மா.

ராஜாத்தியக்கா பக்கத்து வீடு. பெரியம்மாவின் தங்கை.

போன மாதம் பெரியப்பா வந்திருந்தார். சோற்றுக்கு வழியில்லையென்றால் சின்னவளைத் தன் வீட்டுக்கு அனுப்பிவிடச் சொன்னார். பாத்திரம் கீத்திரம் கழுவிக்கொண்டு இருக்கட்டுமாம்.

சின்னவளுக்கு எட்டு வயது.

கடுகுக்கும் தங்கச்சிக்கும் என்ன சம்பந்தம் என்று எந்தப் பாடப்புத்தகத்திலும் இல்லை.

இன்று ஞாயிறு. சத்துணவு கிடையாது. அம்மா கல்யாண மண்டபத்தில் பாத்திரம் தேய்க்கப் போயிருந்தாள். மிச்சச் சோறு வர அந்தி ஆகும்.

மணி ஒன்றே கால்.

சுவருக்கு அந்தப் பக்கம் ராஜாத்தியக்கா போனில் பேசுவது கேட்டது.

"இன்னிக்கு அடுப்பே எரியல அத்தான். நாளைக்கு ஒரு எட்டு வந்து பாப்பாவக் கூட்டிட்டுப் போயிருங்க."

அவன் எழுந்தான். எதற்கு எழுந்தோம் என்று புரியவில்லை. சமையல் மூலைக்கு எதற்கு வந்தோம் என்றும் புரியவில்லை.

எண்ணெய் பாட்டிலைக் கவிழ்த்துப் பிடித்துக்கொண்டு நின்றான். கடைசிச் சொட்டு நிதானமாக வந்தது.

கடுகு எவ்வளவு போடுவாள்? பார்த்ததே இல்லை. அள்ளிப் போட்டான்.

கறிவேப்பிலை தெரியும். ராஜாத்தியக்கா வீட்டு மரம்தான். ஒரு கிளை இந்தப் பக்கம் சாய்ந்திருக்கும்.

வெடித்தது. புகையைச் சன்னல் பக்கம் பாடப்புத்தகத்தால் விசிறினான்.

அந்தப் பக்கம் பேச்சு நின்றது.

வாசலில் சில்லு ஆடிக்கொண்டிருந்த தங்கச்சி உள்ளே ஓடிவந்தாள். இவளுக்கு என்ன பதில் சொல்வது?

அவள் கேட்கவே இல்லை.

காலித் தட்டை எடுத்துவந்து சன்னலோரம் சம்மணம் போட்டாள். ஸ்பூனால் தட்டில் நாலு தட்டு தட்டினாள்.

"அண்ணே, குழம்பு போதும், போதும்" என்றாள், சன்னலைப் பார்த்து, சத்தமாக.

அவன் கரண்டியோடு நின்றான்.

பிறகு குனிந்து, இன்னும் ஒரு கரண்டி ஊற்றினான்.