படக்காரர்கள் விட்டுப்போன வேதப்புத்தகம்

ஏரியில் மீன்பிடிக்கும் முறை தனக்கு வந்த நாளில் ஜான்சன் வலை போட்டுவிட்டான் என்று தொபியாஸ் சொன்னான். அந்த வலையைத் தொபியாஸ் அறுத்துவிட்டான் என்று ஜான்சன் சொன்னான். தப்பு செய்தவன் இந்தப் பருவம் முழுக்க ஏரியில் இறங்கக் கூடாது என்பது ஊர்க்கட்டு.

"கோயில்ல சத்தியம் பண்ணிடுங்க" என்றார் ஊர்த்தலைவர் மரியான்.

ஜான்சன் தயங்கவில்லை. "கண்ணாடிப் பெட்டில இருக்குதே பெரிய வேதப்புத்தகம், அதுமேல பண்றேன்."

"நானும் அதுமேலதான்" என்றான் தொபியாஸ்.

அது சினிமாக்காரர்கள் விட்டுப்போனது. உலகம் அழிந்தபின் மிஞ்சிய ஒரே வேதப்புத்தகத்துக்காக வெட்டிக்கொள்ளும் சண்டைப் படம். அதில் இவர்கள் இருவரும் அடியாட்களாக நடித்து, புத்தகத்தைப் பறிக்கப் போய்ச் செத்தார்கள். படப்பிடிப்பு முடிந்ததும் ஊர் அதற்கு மாலை போட்டுப் பூட்டி வைத்தது.

மரியான் பூட்டைத் திறந்தார்.

"நான் வலை போடல" என்று ஜான்சன் கைவைத்தான்.

"நான் அறுக்கல" என்று தொபியாஸ் கைவைத்தான்.

இருவர் குரலும் நடுங்கவில்லை.

"இயேசுவுக்கே புகழ். ஒரு சங்கீதம் படிச்சு முடிச்சிடலாம்" என்று மரியான் புத்தகத்தைப் பிரித்தார்.

வெள்ளைத்தாள். புரட்டினார். கடைசிவரை வெள்ளைத்தாள்.

"இதுமேலதான்னு ரெண்டு பேரும் இன்னாத்துக்குடா கேட்டீங்க?"

ஜான்சன் தொபியாஸைப் பார்த்தான். படப்பிடிப்பில் அதைத் திறந்து பார்த்தது தான் ஒருவன் மட்டுமே என்று நினைத்திருந்தான்.

மரியான் தன் பையிலிருந்து பழைய வேதப்புத்தகத்தை எடுத்து நீட்டினார்.

"வா மச்சான், வலைய தச்சுக் குடுக்குறேன்" என்றான் தொபியாஸ்.

"அன்னிக்கு வலைல விழுந்த எறா வீட்ல இருக்குது" என்றான் ஜான்சன். "வந்து எடுத்துக்க."