அரிதார மாப்பிள்ளை

“இன்னிக்கு ஆட்டத்துக்கு மேளம் அடிக்கறதுக்குள்ள, அந்த நடிகன் கையைப் பிடிச்சு, ‘என் பொண்ணை உனக்கே தர்றேன்’னு நீயே சொல்லுவே. சொல்லலேன்னா நான் மொட்டை அடிச்சுக்கறேன்!” என்றாள் கல்யாணத் தரகர் ஷிமா.

“நானா? பொம்பளை வேஷம் கட்டறவனுக்கா? சீ!” என்றார் மீன் மண்டி கிசாபுரோ. அவர் ‘சீ’ சொன்னால் தோத்தோன்போரி கால்வாயில் போகிற படகு ஒரு முழம் ஒதுங்கிப் போகும்.

ஆனால் வீட்டில் விஷயம் முற்றிப் போயிருந்தது. கட்டினால் கபுகி நடிகன் ஹனனோஜோவைத்தான் கட்டுவேன் என்று மகள் சாதோ நாலு நாளாகச் சோற்றைத் தொடவில்லை. இன்று அப்பா மாட்டேன் என்றால், நாளைக்கே சக்காய் ஊர் சோயா வியாபாரிக்கு நிச்சயம்.

கிசாபுரோ நாடகக் கொட்டகைப் பக்கம் தலைவைத்துக்கூடப் படுக்காதவர். “ஒரு தடவை நேர்ல பார்த்துட்டு வேண்டாம்னு சொல்லேன்” என்று கெஞ்சித்தான் ஷிமா அவரை ஒப்பனை அறை வரைக்கும் இழுத்து வந்திருந்தாள்.

உள்ளே நுழைந்ததுமே குமட்டியது. சவரிக்குப் பூசும் மெழுகெண்ணெய், ஊறிப்போன வியர்வை, ஏழு தலைமுறை நடிகர்கள் துவைக்காமல் விட்டுப்போன காலுறைகள் எல்லாம் சேர்ந்து மூக்கில் அறைந்தன. கண்ணாடி முன்னால் ஒரு கிண்ணத்தில் சாம்பல் நிறப் பொடி. எள்ளுப் பொடியாக்கும் என்று ஒரு சிட்டிகை எடுத்து நாக்கில் போட்டுக்கொண்டார்.

“ஐயையோ, அது குருவி எச்சம்ங்க!”

மூலையில் ஒருவன் வேட்டியை ஏறக்கட்டிக் குத்தவைத்து, கரியடுப்பில் கானாங்கெளுத்தி சுட்டுக்கொண்டிருந்தான். முண்டாசு, வெற்றுமார்பு. புருவம் இரண்டையும் காணோம். நாள் பூரா அடுப்பு ஊதுகிறவனுக்கு அதெல்லாம் எங்கே மிஞ்சப் போகிறது?

“வேஷம் கலைச்சதும் மூஞ்சியில தேய்ச்சுக் கழுவறது. தோலு பளபளன்னு ஆயிடும்” என்றான் அவன்.

கிசாபுரோ ஜன்னலுக்கு ஓடித் துப்பினார். கால்வாயில் தண்ணீர் ஒரு படி ஏறியது.

“மீன் குடலுக்குள்ள முழங்கை வரைக்கும் விடற ஆளு, இதுக்குப் போயி இந்தப் பாடா?” என்றாள் ஷிமா.

“அது மீனாச்சே அக்கா! சாமி படைச்சது!”

“அப்ப குருவியை யாரு படைச்சா, உங்க சித்தப்பாவா?”

அந்த நேரம் கதவு நகர்ந்தது. சாப்பாட்டுப் பெட்டிகளை ஏந்திக்கொண்டு, குனிந்த தலை நிமிராமல், அடிமேல் அடிவைத்து ஓர் அழகி உள்ளே வந்தாள். கிசாபுரோவுக்கு மீசை துடித்தது. ஏமாறுவதற்கு அவர் என்ன பட்டிக்காடா?

“வந்துட்டியா, மாவு மூஞ்சி! கழட்டுடா சவரியை!” என்று பாய்ந்து கொண்டையைப் பிடித்து இழுத்தார்.

கொண்டை வரவில்லை. அறைதான் வந்தது. பக்கத்துத் தேநீர்க் கடை முதலாளியம்மா ஓகினு, நாலு பிள்ளை பெற்றவள், அசல் பெண். அவள் போட்ட கூச்சலில் அவள் புருஷன் காவடித்தடியோடு ஓடிவந்தான்.

அடுப்படி ஆள் எழுந்தான். ஓங்கிய தடியை ஒரே கையால் பிடித்து நிறுத்தினான்.

“விடுங்கண்ணே, பெரியவருக்குக் கண்ணு மங்கல். அண்ணி, அவருக்காக நான் மன்னிப்புக் கேட்டுக்கறேன்.” தலை தரையைத் தொட வணங்கினான். வந்தவர்கள் முணுமுணுத்துக்கொண்டே போனார்கள்.

கிசாபுரோ வீங்கிய கன்னத்தோடு அவன் பக்கத்தில் உட்கார்ந்தார். அவன் சுட்ட மீனில் பாதியைப் பிய்த்துக் கொடுத்தான்.

“இது நேத்து மீனுங்க. செவுளைப் பார்த்ததுமே தெரிஞ்சுது. வித்த கிழவி பாவம்னு வாங்கிட்டேன்.”

செவுள் பார்க்கத் தெரிந்தவன்! கிசாபுரோவின் வயிறு குளிர்ந்தது. “உன் பேரென்னப்பா?”

“தோமெகிச்சி. அப்பா அம்மா வெச்ச பேரு.”

“இங்கே எத்தனை நாளா?”

“எட்டு வயசுல விறகு பொளக்க வந்தேன். அதுலேர்ந்து இதே கொட்டகைதான்.”

“அந்த ஹனனோஜோ ஆளு எப்படி? மறைக்காம சொல்லு.”

“அவனா? காலையில எந்திரிச்சு அவன் மூஞ்சியைப் பார்த்தா எனக்கே சகிக்காதுங்க.”

“பார்த்தியாக்கா! கூட இருக்கறவனே காறித் துப்பறான்!” கிசாபுரோ தொடையைத் தட்டினார். “எச்சம் பூசற பயலுக்கா என் பொண்ணு? இதோ, ஆம்பளைன்னா இவன் ஆம்பளை! ஏம்ப்பா, கல்யாணம் ஆயிடுச்சா?”

“இன்னும் இல்லீங்க.”

“சக்காய்க்காரன் கிடக்கான்.” கிசாபுரோ அவன் கையைப் பிடித்துக்கொண்டார். “என் பொண்ணை உனக்கே தர்றேன்!”

தோமெகிச்சி நெற்றி பாயில் பட வணங்கினான். கையைக் கழுவினான். கண்ணாடி முன் முழங்காலை ஒட்டிவைத்து உட்கார்ந்து, முண்டாசை அவிழ்த்து, வெள்ளை அரிதாரத்தில் தூரிகையை முக்கிக் கழுத்தில் ஒரு இழுப்பு இழுத்தான். பிறகு தோள் வழியே மெல்லத் திரும்பினான்.

“சாதோவை இனிமே சாப்பிடச் சொல்லுங்க மாமா” என்றான். புகுந்த வீட்டுக்கு அன்றுதான் வந்த மருமகளின் குரல் அது.

வெளியே மேளம் அதிர்ந்தது. கிசாபுரோ கையில் இருந்த மீனைப் பார்த்தார், கண்ணாடியைப் பார்த்தார். எச்சத்தைத் தின்றபோதுகூட அவர் முகம் இவ்வளவு கோணவில்லை.

ஷிமா இடுப்பில் கைவைத்துக்கொண்டாள். “சொன்னியா, இல்லையா?”

“சொல்லித் தொலைச்சேன்.”