சாத்தானுக்குக் கொடுத்த கோட்டு

ஒப்பனைக் கண்ணாடியைச் சுற்றி விளக்குகள் அனலாய் எரிகின்றன; பெரியவருக்கு வயிறு அதைவிட எரிகிறது. காலமான தம்பி எழுதிய நகைச்சுவை நாவல் படமாகிறது. அதற்கென்று பெரியவர் கொடுத்தனுப்பிய அப்பாவின் பழுப்புக் கோட்டை மாட்டி, மேலே இறக்கையும் கட்டிக்கொண்டு நிற்கிறான் தேவதூதன் வேடக்காரன். "உங்க அப்பா மேல உள்ள மரியாதையிலதான் சார்..." என்று இழுக்கிறார் இயக்குநர். "என்னய்யா மரியாதை? என் தம்பி அப்பாவைப் பார்த்து எழுதினது சாத்தானை. நரகத்துல இடமில்லைன்னு பொய் சொல்லி, வர்றவனையெல்லாம் வீட்டுக்குத் திருப்பி அனுப்புறானே, அதுதான் எங்கப்பா. உங்க தேவதூதன் சட்டம் பேசியே சொர்க்கத்து வாசல்ல ஆளைத் துரத்துறவன். அவனுக்கா எங்க வீட்டுக் கோட்டு?" "அப்பாவைச் சாத்தான்னு சொன்னா ஊர் சிரிக்கும் சார்." "சிரிக்கட்டும். அதைப் படிச்சிட்டு அவரே வயிறு குலுங்கச் சிரிச்சார்." இறக்கையின் வாரைப் பெரியவரே அவிழ்க்கிறார். வெள்ளைச் சிறகுகள் தரையில் உதிர்கின்றன; கோட்டையும் கழற்றி வாங்கிக்கொள்கிறார். மூலையில் கொம்போடு உட்கார்ந்து பிஸ்கட் தின்னும் சாத்தான் வேடக்காரன் பதறி எழுகிறான். யாருக்கும் வளையாத பெரியவர் அவன் முதுகுப்பக்கம் போய்க் கோட்டை விரித்துப் பிடிக்கிறார். "கையைத் துடைச்சிட்டுப் போடுடா" என்கிறார்.