உரித்த பருப்பு

ஏரிக்கரை வாதாமரத்தில் ஓர் அணிலும் அதன் பெண்டாட்டியும் குடியிருந்தன. புயலடித்து மரம் மொட்டையாய் நின்ற வருஷம், தூரதேசத்துக் கூழைக்கடா ஒன்று அலகுப் பை நிறைய உரித்த பருப்பைக் கொண்டுவந்து கொட்டியது. இரண்டும் உயிர் பிழைத்தன.

அடுத்த வருஷம் மரம் காய்த்துத் தள்ளியது. கூழைக்கடாவும் முன்னைவிடப் பெரிய சுமையோடு வந்து இறங்கியது.

"நம்ம மரத்துக் கொட்டையை நாமே கொறிச்சுக்கலாமே?" என்றது அணில்.

"அவ்வளவு தூரம் சுமந்துக்கிட்டு வந்திருக்காரு. வேண்டாம்னு சொன்னா மனசு நோகாதாங்க?" என்றது பெண்டாட்டி.

அணிலின் பல் வளர்ந்துகொண்டே இருக்கும், கொறித்தால்தான் தேயும். மூன்றாம் வருஷம் இரண்டுக்கும் வாயே மூடவில்லை. உரித்த பருப்பைக்கூடக் கடிக்க முடியவில்லை.

கூழைக்கடா எட்டிப் பார்த்துப் பதறியது. "அடப் பாவமே! இந்தப் பல்லை வெச்சுக்கிட்டு உங்க பரம்பரையே எப்படிப் பிழைச்சுதோ! கவலைப்படாதீங்க, இனிமே பொடி பண்ணியே கொண்டு வர்றேன்."

அணில்கள் கண் கலங்கிக் கும்பிட்டன.

அந்த நேரம் பார்த்து, மேலேயிருந்து ஒரு வாதாங்கொட்டை அணிலின் மண்டையில் நங்கென்று விழுந்தது.

பெண்டாட்டி அண்ணாந்து பார்த்துச் சீறியது: "யாரது, உரிக்காம போடறது?"