மாப்பிள்ளை அடுக்கிய ரோஜா

"உருளைக்கிழங்குக்கா மாப்ளே இவ்வளவு அமர்க்களம்?" பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமலே கேட்டார் மாமனார்.

"பிரெஞ்சுக்காரங்க விருந்து அயிட்டம் மாமா!"

மாமியாரின் பிறந்தநாள். சீவும்போது உடைந்த துண்டுகளை அடியில் போட்டு மறைத்து, மேலே ரோஜா இதழாக அடுக்கி, வெண்ணெய் ஊற்றி, ஓவனில் வைத்துவிட்டுக் குளிக்கப் போனார் மாப்பிள்ளை.

வந்து சமையல் குறிப்பின் கடைசி வரியைப் படித்தவருக்கு வேர்த்துவிட்டது. 'தட்டில் தலைகீழாகக் கவிழ்த்துப் பரிமாறவும்.'

போச்சு, உடைசலெல்லாம் மேலே வந்து மானம் கப்பலேறப் போகிறது! கண்ணை மூடிக்கொண்டு எல்லோர் முன்னாலும் கவிழ்த்தார்.

"அட, ரோஜாப்பூ!" மாமியார் கைதட்டினார்.

திகைத்து நின்றவரின் காதில் மாமனார் கிசுகிசுத்தார்.

"நீங்க குளிக்கப் போனதுமே எடுத்து, ரோஜா அடியில வர்ற மாதிரி திருப்பி வெச்சுட்டேன் மாப்ளே. முப்பது வருஷம் முன்னாடி இவளுக்காக நானும் இதையேதான் செஞ்சேன். எனக்குத்தான் திருப்பி வைக்க ஆளில்லாம போச்சு!"